பக்கத்துக்கு ஒரு புலி

காட்டைப் பத்திப் புத்தகம் எழுதப் போறயாமா கண்ணு? நெம்பச் சந்தோசம். உன்ற அம்மா போன்ல சொன்னா. வேலையை விட்டுப்போட்டு எழுதறயா, வேலையில இருந்துக்கிட்டே எழுதறயான்னு கேட்டுச் சொல்லச் சொன்னா. அதை நான் கேக்க மாட்டேன். அப்புச்சிக்கு எழுதத் தெரியாது, அதனால எழுதறவனுக்கு யோசனை சொல்ற தகுதி எனக்கு எச்சாவே இருக்குது. சித்தெ உக்காந்து கேளு.

மொதல் பக்கத்துலயே புலியைக் கொண்டாந்துரு. ரெண்டாம் பக்கத்துல அது உறுமோணும். மூணாம் பக்கத்துல உன்ற மேல பாயோணும். நாலாம் பக்கத்துல நீ எப்படியோ பொழைச்சுக்கோணும். இல்லீன்னா அஞ்சாம் பக்கத்தை ஆரு எழுதறது? பக்கத்துக்கு ஒரு புலி வெச்சீன்னா கோயமுத்தூர்ல புத்தகத்தை அள்ளிக்கிட்டுப் போவாங்க. இந்த மலையடிவாரத்துல பொறந்து, மாடு மேச்சு, ராகிக் காட்டுக்கு ராத்திரிக் காவலிருந்து நரைச்சவங்க எத்தனை பேரு முழுப் புலியைப் பாத்திருக்கறாங்கன்னு மட்டும் விசாரிச்சுப்போடாதே. ஒருத்தன் வாலைப் பாத்திருப்பான். ஒருத்தன் உண்ணிச்செடி ஆடறதைப் பாத்துட்டு ஊட்டுக்கு ஓடியாந்திருப்பான். மிச்சமெல்லாம் தடம், மோப்பம், சத்தம், அவ்வளவுதான். அதை எழுதுனா எவன் காசு குடுப்பான்?

குடுத்தாங்களே! அதுதான் எனக்கு இன்னமும் புரியலை. போன தீவாளிக்கு நீ வந்தப்ப, திண்ணையில உக்காந்து தமிழ்ல சொல்லிச் சொல்லிப் படிச்சுக் காட்டுனியே, அந்த ஜிம் கார்பெட் துரை. நைனிடால்ல 1875ல பொறந்தவரு. குமாவுன் மலையில ஆளடிச்சான் புலிகளைச் சுட்ட கதையை 1944ல புத்தகமாப் போட்டாரு. ஒலகம் பூரா வித்துதுன்னு சொன்னே. நான் கேட்ட வரைக்கும் அந்த மனுசனுக்கு வியாபார புத்தியே கெடையாது. புலி வரும் வரும்னு பாத்தா, துரை மண்ணைப் பாத்துக்கிட்டு நடக்கறாரு. ஒரு புல்லு மடங்கிக் கெடந்தா அங்க நிக்கறாரு. மிதிபட்ட புல்லு நிமுந்திருச்சா, பாதி நிமுந்திருக்குதா, இன்னும் படுத்தே கெடக்குதான்னு பாத்து, புலி போயி எத்தனை நேரமாச்சுன்னு கணக்குப் போடறாரு. குரங்கு எந்தத் தெசையைப் பாத்துக் கத்துதுன்னு கேக்கறாரு. நீ எடையில எடையில பக்கத்தைத் தள்ளித் தள்ளிப் போனே பாரு, "இருங்க அப்புச்சி, சுடற எடம் இப்ப வந்துரும்"னு. அந்தத் தள்ளுன பக்கத்துலதாண்டா காடு இருந்துது.

சம்பாவத்துப் பொட்டைப் புலி 436 பேரைத் தின்னுதுன்னு படிச்சப்ப உன்ற கண்ணு ரெண்டும் அகண்டுது. 1907ல அதைச் சுட்டுப் போட்டு, துரை மொதல்ல வாயைத் தொறந்து பாத்தாராமே. வலது பக்கத்துக் கோரைப்பல்லு, மேலயும் கீழயும் ஒடைஞ்சு கெடந்துது. ஆரோ பழைய காலத்துல சுட்ட குண்டு பண்ணுன வேலை. மானைப் புடிக்க வக்கில்லாம ஆளைப் புடிச்சிருக்குது. முக்தேசர்ல இன்னொண்ணு முள்ளம்பன்றிகிட்ட வம்புக்குப் போயி ஒரு கண்ணைப் பறி குடுத்து, ஒடம்புல அம்பது முள்ளை வாங்கிக்கிட்டு வந்துது. 436ங்கறது உனக்கு ஞாபகம் இருக்குது, பல்லு ஞாபகம் இல்லை. நீ எழுதற புத்தகத்துலயும் பல்லைப் பத்தி எழுதாதே. புலி பொறக்கறப்பவே ஆளைத் திங்கறதுன்னு சபதம் போட்டுக்கிட்டுப் பொறந்துதுன்னு எழுது, படிக்கறவனுக்கு அதுதான் புடிக்கும். இன்னொண்ணு: அந்தப் புத்தகத்தோட மொதல் பதிப்புல வந்த பணத்தைத் துரை, சண்டையில கண்ணு போன சிப்பாய்களுக்குன்னு குடுத்துட்டாருன்னு சொன்னியே. அந்த யோசனையை நான் உனக்குச் சொல்ல மாட்டேன். உன்ற அம்மா சீவக்கட்டையைத் தூக்கிக்கிட்டு இங்கயே வந்துருவா.

நம்ம பக்கத்துத் துரை ஒருத்தரு இருக்கறாரு, கென்னத் ஆண்டர்சன். பெங்களூர்க்காரரு, விமானத் தொழிற்சாலையில வேலை. ஓசூரு, தளி, ஜவளகிரி, அஞ்செட்டி, பென்னாகரம்னு நம்ம ஆளுங்க மாடு வாங்கப் போற பாதையெல்லாம் அவருக்கு அத்துபடி. 1954ல போட்ட மொதல் புத்தகத்துக்கு ஒம்பது ஆளடிச்சான், ஒரு மதம்புடிச்ச யானைன்னு எண்ணிக் கணக்காப் பேரு வெச்சாரு. கார்பெட்டை விட இவருக்குக் கதை சொல்ற வாயி எச்சு. ராத்திரியில பரண்மேல உக்காந்திருக்கறப்ப என்னென்ன நெனைச்சேன்னு ஒரு மைல் நீளத்துக்குச் சொல்லுவாரு. அதைக்கூட விட்டுரலாம். சின்னாத்துப் பக்கம் கரையில வளை தோண்டிக் குடியிருந்த பைரான்னு ஒரு பூசாரி சாதி மனுசன், ரங்கான்னு இன்னொருத்தன், இவங்களைப் பேரு போட்டு, கொணம் போட்டு, கூட நடந்தவங்களாவே எழுதியிருக்கறாரு பாத்தியா? பைரா சட்டப்படி பாத்தா திருட்டு வேட்டைக்காரன். ஆனா மண்ணுல கெடக்கற எழுத்தை அவன் படிச்சுச் சொன்னதுக்கு அப்பறந்தான் துரையோட துப்பாக்கி தெசை திரும்புச்சு.

மத்த புத்தகத்துல பாதிக்கு மேல இந்த ஆளே கெடையாது. கல்யாண ஆல்பத்துல சமையக்காரன் மூஞ்சி இருக்காதல்ல, அந்தக் கதைதான். "நான் தடத்தைக் கண்டேன், நான் மோப்பம் புடிச்சேன், நான் பதுங்குனேன்." முன்னால நடந்து போன இருளனோ சோளகனோ ஊராளியோ படத்துல இல்லை. தப்பித் தவறி வந்தா, "எனது உதவியாளர் ஒருவர்"னு வருவான். ஒருவராம்! அந்த ஒருவர் இல்லீன்னா நீ ஒடக்கானைப் பாத்து முதலைன்னு எழுதியிருப்பே. ஆனா அவன் பேரைப் போடாதே கண்ணு. போட்டா, படிக்கறவன் அடுத்த வாட்டி அவனையே கூப்புட்டுக்கிட்டுப் போயிருவான், உனக்கு மதிப்பு என்ன இருக்கும்?

சரி, தடத்துக்கு வருவோம். உன்ற பையில ஒரு படப் புத்தகம் இருக்குதே, கால் காலா அச்சடிச்சது. நல்ல புத்தகந்தான், கொறை சொல்லலை. புலி காலடின்னு அதுல ஒண்ணு இருக்குது, அளவும் போட்டிருக்குது. அதே புலி கெட்டி மண்ணுல ஒரு அளவு வெக்கும், மழை பெஞ்ச சேத்துல அதைவிடப் பெருசா வெக்கும், ஓடறப்ப விரலை விரிச்சு இன்னொரு அளவு வெக்கும். பின்னங்காலைக் கொண்டாந்து முன்னங்கால் தடத்து மேலயே வெச்சு ரெண்டையும் ஒண்ணாக்கிப்போடும். ஆம்பளைத் தடம் சதுரமாட்டொ இருக்கும், பொம்பளைத் தடம் கொஞ்சம் நீட்டமா ஒடுங்கி இருக்கும். புலிக்கும் சிறுத்தைக்கும் நடக்கறப்ப நகம் உள்ளாற போயிருக்கும், அதனால நகக்குறி விழுகாது. செந்நாய்க்கும் கழுதைப்புலிக்கும் விழுகும். கரடி அஞ்சு விரலையும் நீள நகத்தையும் மண்ணுல அழுத்திவெச்சுட்டுப் போகும், பக்கத்துலயே அதோட சாணியில கொன்னைக் கொட்டை கெடக்கும். பழத்தைத் தின்னு வெதையை ஊரெல்லாம் வெதைக்கற சோலி அதுக்கு.

யானைக்கு நீ படமே பாக்க வேண்டாம். முன்னங்கால் தடம் வட்டம், பின்னங்கால் தடம் நீள்வட்டம். முன்னங்கால் தடத்தைச் சுத்திக் கவுறு போட்டு அளந்து, அந்தக் கவுறை ரெண்டு மடங்காக்கு. ஏறக்குறைய அதுதான் அந்த யானையோட தோள் உசரம். இதைப் படிச்சவங்களும் ஒத்துக்கறாங்க, படிக்காதவங்களும் ஒத்துக்கறாங்க, அப்படி ஒத்துப்போற சங்கதி காட்டுல கம்மி. நீ கவுறை எடுத்துக்கிட்டு யானைகிட்டப் போயி அளந்து சரிபாக்கலாமான்னு மட்டும் கேக்காதே. லத்தி கெடந்தா, மேல வண்டு மொச்சுக்கிட்டு இருக்குதா, காஞ்சு வெடிச்சிருக்குதான்னு பாரு. தொட்டுப் பாக்கச் சொன்னா உங்க சனம் மூஞ்சியைச் சுளிக்கும். சூடு இருந்துதுன்னா மூஞ்சியைச் சுளிக்கவும் நேரம் இருக்காது, திரும்பி நடக்கோணும்.

மோப்பத்துக்குப் படம் போட முடியாதல்ல, அதனால புத்தகத்துல பாதிப் பேரு அதை விட்டுர்றாங்க. புலி மரத்து மேல பின்னால திரும்பி நின்னு பீச்சி அடிக்கும், அதுதான் அதோட எல்லைக்கல்லு. அந்த எடத்துல என்ன வாசம் வரும் தெரியுமா? பாசுமதி அரிசி வேகற வாசம். நான் சொல்லலை, கல்கத்தாவுல பிரம்மச்சாரின்னு ஒரு விஞ்ஞானி ஆராஞ்சு சொன்னது. பாசுமதியில எந்தச் சரக்கு வாசம் குடுக்குதோ, அதே சரக்கு புலி பீச்சறதுலயும் இருக்குதாம். காட்டுல நடந்து போறப்ப பிரியாணி வாசம் வந்துதுன்னா எலையைப் போட்டுக்கிட்டு உக்காந்துராதே.

இந்தத் தடத்தை வெச்சுக்கிட்டு சர்க்காரே புலியை எண்ணுன காலம் இருந்துது. 1966ல ஒடிசாவுல சரோஜ் ராஜ் சவுத்ரிங்கற அதிகாரி கண்டுபுடிச்ச மொறை. கண்ணாடியைத் தடத்து மேல வெச்சு கோடு இழுத்து, இது இந்தப் புலி, அது அந்தப் புலின்னு பேப்பர்ல அடையாளம் வெக்கறது. அந்த ஆளு தடம் படிக்கறதுல கெட்டிக்காரரு, அதுல குத்தமில்லை. ஆனா அந்தக் கெட்டித்தனம் கையில இல்லாதவங்களும் கண்ணாடியைத் தூக்குனாங்க. ஒரே புலி நாலு மண்ணுல நாலு புலியாச்சு. மேலதிகாரிக்குக் கணக்கு ஏறோணும்னா ஏத்தலாம், எறங்கோணும்னா எறக்கலாம். ராஜஸ்தான்ல சரிஸ்காவுல ஏட்டுல புலி இருந்துது, 2005ல போயித் தேடிப் பாத்தா காட்டுல ஒண்ணுகூட இல்லை, திருட்டு வேட்டைக்காரன் தொடைச்செடுத்துட்டுப் போயிட்டான். ஏட்டுப் புலி உறுமாது, குட்டி போடாது, ஆனா வருசா வருசம் பெருகும். அதுக்கு அப்பறந்தான் தானாப் படம் புடிக்கற கேமராவை மரத்துல கட்டி, வரியைப் பாத்து எண்ணறது நாடு பூரா வந்துது. நம்ம கை ரேகையாட்டொ ஒரு புலி வரி இன்னொண்ணுக்கு இருக்காதுங்கறதை வெச்சு, உல்லாஸ் கரந்த்ங்கற புலி ஆராய்ச்சிக்காரரு அதுக்கு முன்னாலயே நாகரஹொளேக் காட்டுல செஞ்சு காட்டுனாரு. அவர் புத்தகத்தைத் தியடோர் பாஸ்கரன் 'கானுறை வேங்கை'ன்னு தமிழ்ல கொண்டாந்திருக்கறாரு. அதை வாங்கிப் படிச்சுப்போடாதே, புலி என்ன திங்குது, ஒரு புலிக்கு எத்தனை மான் வேணும்னு கணக்குத் தெரிஞ்சு போச்சுன்னா பக்கத்துக்கு ஒரு புலி வெக்க உனக்கே கூச்சமாயிரும்.

எங்க ஹாசனூரு, சாம்ராஜ்நகரு பக்கமெல்லாம் 1980க்கு மேல ஒரு பையன் திரிஞ்சான். ராமன் சுகுமார்னு பேரு. யானை எங்க போகுது, என்ன திங்குது, எந்தத் தோட்டத்துல எப்பப் பூறுதுன்னு எழுதிக்கிட்டே இருந்தான். எங்க சனத்துல பாதிப் பேரு சிரிச்சாங்க, "யானை பின்னால போறதுக்கு சம்பளமா?"ன்னு. அப்பறம் அவன் எழுதுனதைக் கேட்டா, நாங்க காவல் பரண்மேல உக்காந்து திட்டிக்கிட்டே பாத்த சங்கதி அத்தனையும் அதுல இருக்குது. கூட்டத்தை விடத் தனி ஆண் யானைதான் எச்சாத் தோட்டத்துல பூறும். காட்டுப் புல்லை விட ராகியில சத்து அதிகம், அது யானைக்கும் தெரியும். வளந்து, பெருத்து, பொட்டைக்குச் சண்டை போடோணும்னா ஆண் யானைக்கு அந்தச் சத்து வேணும். நாங்க அதைத் திருடன்னு சொன்னோம், அவன் ஒரு காரணம் சொன்னான். நட்டம் எங்குளுதுதான், ஆனாலும் காரணம் தெரிஞ்சப்பறம் திட்டறதுல ஒரு பக்குவம் வந்துது. 1994ல அவன் போட்ட புத்தகத்தோட பேர்லயே பத்து வருசம் யானையோட இருந்த கணக்கு இருக்குது. நீ சனிக்கெழமை சாயங்காலம் வந்து, ஞாயித்துக்கெழமை மத்தியானம் கோழிக்கொழம்பு சாப்புட்டுட்டுக் கெளம்பற ஆளு. பத்து வருசம் உனக்கு என்னத்துக்கு? ரெண்டு நாள்ல யானையே கத்துக்கும், நீ ஆருன்னு.

மா. கிருஷ்ணன்னு ஒருத்தரைப் பத்தி நீ சொன்னதில்லை, அதனால நான் சொல்றேன். 'பத்மாவதி சரித்திரம்' எழுதுன மாதவையாவோட மகன். 1950ல கல்கத்தாப் பத்திரிகை ஒண்ணுல எழுத ஆரம்பிச்சவரு, 1996ல சாகற வரைக்கும் நிறுத்தலை. 46 வருசம்! அத்தனை வருசத்துல பக்கத்துக்கு ஒரு புலி வெச்சிருந்தா இந்தியாவுல புலி மிஞ்சியிருக்காது. அணிலு, மைனா, காக்கா, ஊருக்குள்ள திரியற சில்லறை உசுரெல்லாம் அவருக்கு ஆனைக்குச் சமானம். படம் புடிச்சாரு, எல்லாம் கருப்பு வெள்ளை. கேமராவும் அங்க இங்க கெடைச்ச பாகத்தைக் கோத்து அவரே கட்டுனது. உன்ற கேமரா வெலையைக் கேட்டப்ப எனக்கு ரெண்டு கறவை மாடு ஞாபகம் வந்துது, போகட்டும்.

இது எல்லாத்துக்கும் மேல ஒரு புத்தகம் இருக்குது. அதை எனக்குச் சொன்னவரு ஒரு தமிழ் வாத்தியாரு, எங்க காவல் பரண்ல ராத்திரி கூட வந்து உக்காந்துக்கிட்டு. 'மலைபடுகடாம்.' பத்துப்பாட்டுல ஒண்ணு, 583 அடி. பெருங்கௌசிகனார்னு ஒரு புலவரு, செங்கத்துப் பக்கம் நன்னன்னு ஒரு ராசாகிட்டப் போற கூத்துக்காரங்களுக்கு வழி சொல்றாரு. சாமி, அதுதாண்டா தடம் சொல்ற புத்தகம்! தெனைக் காட்டுப் பக்கம் ஒடுக்கமான வழியில பன்னிக்குக் கல்லுப் பொறி வெச்சிருப்பாங்க, விடிஞ்சதுக்கு அப்பறம் போங்கறாரு. பாம்பு இருக்கற குழி எங்க இருக்குதுங்கறாரு. பரண்மேல இருக்கறவன் யானையை வெரட்டக் கவண்ல கல்லு வுடுவான், அது சீறிக்கிட்டு வந்து உங்க மேலயும் விழுகும், மரத்துக்குப் பின்னால ஒதுங்கிப் போங்கறாரு. வழுக்கற எடம், முதலை கெடக்கற மடு, எதையுமே விடலை. பரண்மேல உக்காந்து கல்லு வுட்டவன் நான். இத்தனை நூறு வருசத்துக்கு முன்னால கீழ நடந்து போறவனைப் பத்தி ஒரு புலவன் கவலைப்பட்டிருக்கறான்னு கேட்டப்ப, அன்னிக்கு ராத்திரி கையை ஓங்கறப்ப கொஞ்சம் யோசனையாத்தான் இருந்துது.

அதுல ஒரு எடம் எனக்கு நெம்பப் புடிக்கும். வழி ரெண்டாப் பிரியற எடத்துல, பின்னால வர்ற புதுசுக்குத் தெரியோணும்னு புல்லை முடிஞ்சு போட்டுட்டுப் போங்கறாரு. வழி சொன்னவன் புலியைச் சுட்டேன்னும் சொல்லலை, யானையை வெரட்டுனேன்னும் சொல்லலை. புல்லு முடியச் சொன்னான்.

இப்ப உங்க காலத்துப் புல்லு முடியறது வேற தினுசு. எந்தச் சரிவுல யானை உப்பு மண்ணு திங்க வருது, எந்தப் பாறையில சிறுத்தை குட்டி போட்டிருக்குதுன்னு போன்ல எடத்தோட போட்டுர்றீங்க. மறுவாரம் இருவது வண்டி நிக்குது. அதுல பத்தொம்பது பேரு வேடிக்கை பாக்கறவன், ஒருத்தன் தந்தத்தை அளவெடுக்கறவன். படிக்கறவன் தெரிஞ்சுக்கோணும்னு நீ பரந்த மனசோட எழுதுவே. யானை உனக்கு அந்த அனுமதியைக் குடுத்துதான்னு ஒரு தடவை கேட்டுக்க. கார்பெட் காலத்துல எடத்தைச் சொல்லலாம், போயிச் சேர ஒரு வாரமாகும். இப்ப ஒரு மணி நேரம்.

போறப்ப உடுப்புக்கும் ஒரு யோசனை. நல்ல வெள்ளைச் சட்டை போட்டுக்க, தூரத்துலயே தெரியும். செண்ட்டு அடிச்சுக்க, புலி பாவம், பாசுமதி வாசத்துலயே இருந்து சலிச்சுப் போயிருக்கும். பேசிக்கிட்டே போ, கடமான் கூவறது கேட்டுத் தொலைச்சா பயம் வந்துரும். யானை காதை விரிச்சு, தும்பிக்கையைச் சுருட்டுனா வணக்கம் சொல்லுதுன்னு எழுதிக்க. எழுத நேரம் கெடைச்சா.

இத்தனையும் கேட்டுட்டும் எழுதத்தான் போறேன்னா, எழுது. உன்னைத் தடுத்து எந்த அப்புச்சி செயிச்சிருக்கறான்? கூட வர்ற ஆளு பேரை மறைக்காதே, உப்பு மண்ணு இருக்கற எடத்துப் பேரைச் சொல்லாதே. அதுக்கு முன்னால வனத்துறை ஆபீசுல போயி அனுமதிச் சீட்டு வாங்கு. அது இல்லாம காட்டுக்குள்ள கால் வெச்சா அபராதம் போடுவாங்க. இங்க வர்ற திம்பம் மலை ரோட்டுலயும் ராத்திரி வண்டிக்கு 2022லிருந்தே கோர்ட்டு தடை இருக்குது. அபராதம் கட்டோணும், பணம் அனுப்புங்க அப்புச்சின்னு போன் பண்ணுனா, சிக்னல் இல்லைன்னு வெச்சுப்போடுவேன்.